காலத்தைக் கதையாக நெய்தவர்

(லோத்குண்டாவில் புதிதாக எழுதப் படிக்கக் கற்றோர் கூட்டத்தில் பேசியது)

 

எழுத்தாளர் கல்கி 1899இல் மாயவரம் அருகே புத்தமங்கலத்தில் பிறந்தார். 1921இல் காந்தியடிகள் அழைத்தார். கல்கி பள்ளியை விட்டார். மறு ஆண்டு சிறை சென்றார். ஆனால் படிப்பதை மட்டும் விடவில்லை.

உடையார்குடிக் கோயிலில் ஒரு கல்வெட்டு உண்டு. ஆயிரம் ஆண்டுப் பழமை. சோழ இளவரசன் ஆதித்த கரிகாலனைக் கொன்றவர்களின் பெயர்கள் அதில் உள்ளன. ஏன் கொன்றார்கள்? அது இல்லை. அந்த இடைவெளியில்தான் கல்கி கதை நெய்தார். அதுவே ‘பொன்னியின் செல்வன்’. 1950 முதல் 1954 வரை வாரந்தோறும் வந்தது. பல வீடுகளில் ஒருவர் படிப்பார். மற்றவர்கள் சுற்றி உட்கார்ந்து கேட்பார்கள்.

1954இல் கல்கி மறைந்தார். எழுத்து மறையவில்லை.

நேற்றுவரை நாம் கேட்டவர்கள். இன்று நாமே படிக்கலாம். இன்றிரவு வீட்டில் ஒரு பக்கம் உரக்கப் படியுங்கள். பிள்ளைகள் கேட்கட்டும்!