பழைய படச்சுருளும் ஒரு சொத்துதான்

(மட்டாஞ்சேரி உறுப்பினர் கூட்டத்தில் ஆற்றிய உரையின் சுருக்கம்)



காந்திஜி வேகவேகமாக நடந்து வரும் பழைய காட்சிகளை சினிமாவிலும் டிவியிலும் பார்த்திருப்பீர்கள். இப்படிப்பட்ட காட்சிகளைத் தேடிப் பிடித்து, உரிமை பெற்றுத் தருவது இன்று தனித் தொழில். அந்தத் தேடலில் அன்றே இறங்கியவர் ஒரு தமிழர், ஏ.கே. செட்டியார். 1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளின் சென்ற கப்பலில் காந்திஜி பற்றிப் படமெடுக்கும் எண்ணம் அவருக்கு உதித்தது. பல நாடுகள் அலைந்து, பலர் எடுத்திருந்த சுமார் 50,000 அடிப் படத்தைச் சேகரித்தார். அதை 12,000 அடியாகத் தொகுத்து, 1940-ல் தமிழில் வெளியிட்டார்.

வேதனை என்னவென்றால், அந்தப் படமே பிறகு காணாமல் போயிற்று. 1953-ல் அமெரிக்காவில் தயாரான அதன் ஆங்கில வடிவத்தின் பிரதி ஒன்றை, ஆய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி அந்நாட்டிலேயே கண்டெடுத்தது அரை நூற்றாண்டுக்குப் பிறகுதான்.

அதற்கே அந்த கதி என்றால், நம் அகத்துப் பரணில் கிடக்கும் காஸெட்டுகள் எம்மாத்திரம்? கொச்சியின் ஈரக் காற்றில் பூஞ்சை பிடிக்க அதிக நாள் ஆகாது. படச்சுருளில் வினிகர் வாடை அடித்தால், அது சிதையத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம். போட்டுப் பார்க்க வி.சி.ஆர். கிடைப்பதும் அரிதாகிவிட்டது.

ஆகவே பூணூல், கல்யாணம், ரதோற்ஸவம் எதுவானாலும் டிஜிட்டலுக்கு மாற்றி, இரண்டு இடங்களில் வையுங்கள். மூலத்தையும் தூக்கி எறியாதீர்கள். பெரியவர்கள் இருக்கும்போதே கேட்டு, ஊர், தேதி, பெயர்களை எழுதி வையுங்கள். யாரென்று தெரியாத முகத்தை எந்தக் கருவியாலும் மீட்க முடியாது.