பூந்தோட்டம் ஆளும் தொழில்

(சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



பத்தாம் வகுப்போடு படிப்பை முடித்துக்கொண்டு, ரயில்வே அலுவலகத்தில் கணக்கெழுதும் என்னையும் ஒரு பொருட்டாக மதித்து அழைத்தீர்கள். பாலக்காட்டிலிருந்து மலையேறி வந்தேன். ரயில்வேக்காரனுக்கு இம்மலைமீது சிறு மனத்தாங்கல் உண்டு. 1908 முதல் மூணாற்றிலிருந்து டாப் ஸ்டேஷன் வரை ஓடிய சிறு ரயிலை 1924-ஆம் ஆண்டுப் பெருவெள்ளம் கொண்டுபோய்விட்டதல்லவா? அது கிடக்கட்டும். அதே 1908-இல் பெங்களூருக்கு வந்து சேர்ந்த ஒரு தோட்டக்கலைஞரைப் பற்றிப் பேச விழைகின்றேன்.

இப்பொருளை எடுத்துக்கொண்டதற்குக் காரணம் என் வீட்டிலேயே இருக்கிறது. பன்னிரண்டாம் வகுப்பு முடித்த என் மகள், "அப்பா, நான் தோட்டக்கலை படிக்கிறேன்" என்றாள். "மண்வெட்டி பிடிக்கவா உன்னைப் படிக்கவைத்தேன்?" என்று கடிந்துகொண்டேன். அவள் மறுமொழி கூறாமல், ஒரு ஜெர்மானியரின் வரலாற்றைப் படித்துக் காட்டினாள். அன்றைய வெட்கம் இன்னும் தீரவில்லை.

அவர் பெயர் குஸ்தாவ் ஹெர்மன் கிரும்பீகல். 1865-இல் ஜெர்மனியில் டிரெஸ்டன் நகரின் அருகே பிறந்தவர். இலண்டனை அடுத்த கியூ தோட்டத்தில் பணியாற்றித் தேர்ந்து, 1893-இல் பரோடா மன்னரின் தோட்டங்களைக் கவனிக்க இந்தியா வந்தார். பின்னர் மைசூர் மன்னர் அழைக்க, பெங்களூர் லால்பாக் அவர் பொறுப்பில் வந்தது. ஐதர் அலி 1760-இல் தொடங்கிய தோட்டம் அது. பல நாட்டுத் தோட்டங்களோடு விதையும் செடியும் பரிமாறிக்கொண்டு, புதிய இனங்களை அங்கே வளர்த்துப் பார்த்தார். பிருந்தாவனத் தோட்ட அமைப்பிலும் அவருக்குப் பங்குண்டு.

ஆயினும் என் மனத்தைக் கவர்ந்தது தெருமரங்களில் அவர் கையாண்ட முறையேயாகும். ஒரு சாலையில் ஒரே இன மரத்தை நடுவது. அதன் பூ உதிரும் பருவத்தில் அடுத்த சாலையின் மரம் மலரும்படி இனத்தைத் தேர்ந்தெடுப்பது. இங்கே பிப்ரவரியில் தொடங்கிச் சாலையோரமெங்கும் ஊதாப்பூச் சொரிகிறதே ஜகராந்தா, அது ஓயும்போது மயிற்கொன்றை சிவக்கும். இவ்வாறு ஆண்டு முழுதும் நகரில் எங்கேனும் பூ இருக்கும். ரயில் கால அட்டவணை போடுவோர் இதைவிடக் கடினமாக என்ன செய்துவிடுகிறோம்? எங்கள் வண்டி மறுநாளே ஓடிவிடும். மரம் பூக்கப் பல ஆண்டுகள் காத்திருக்கவேண்டும்.

உலகப் போர்க் காலத்தில், ஜெர்மானியர் என்ற காரணத்தால் ஆங்கில அரசு அவரைக் காவலில் வைத்தது. தாம் நட்ட மரங்களை ஊரார் பார்த்து மகிழ, நட்டவர் அடைபட்டிருந்தார்! பிழைப்புக்காக ஊர்விட்டு வந்த குடும்பத்தவராகிய நமக்கு அவர் மனநிலையை எடுத்துச் சொல்லவேண்டியதில்லை. 1932-இல் ஓய்வு பெற்ற பிறகும் பெங்களூரிலேயே தங்கி, 1956-இல் அங்கேயே மறைந்தார்.

அவருக்குப்பின் அப்பொறுப்பை ஏற்றவர் நம் நாட்டவரான ஜவராயா. பிற்காலத்தில் மரிகௌடாவும் அப்பொறுப்பை வகித்தார்.

உதகை ரோஜாத் தோட்டத்தை உங்களிற் பலர் கண்டிருப்பீர்கள். மலர்க்காட்சியின் நூறாம் ஆண்டு நினைவாக 1995-இல் அமைந்தது; 2006-இல் உலக ரோஜாச் சங்கங்களின் கூட்டமைப்பு அதற்கு விருது வழங்கியது. அங்கே மே மாதப் பூவுக்காக, குளிர் விடுவதற்கு முன்பே செடிகளைக் கவாத்து செய்துவிடுகிறார்கள். கவாத்து என்ற சொல்லை உங்களுக்கு நான் விளக்கப் புகுந்தால் நகைப்பீர்கள்! தேயிலையில் இலைக்காக, ரோஜாவில் பூவுக்காக. வெளிப்புறம் நோக்கிய மொட்டுக்குச் சற்று மேலே, சாய்வாக வெட்டவேண்டும். ஒட்டுப்போட்ட இடத்துக்குக் கீழிருந்து கிளம்பும் தளிரை உடனே நீக்கவேண்டும். விட்டுவைத்தால் காட்டுச்செடி வளர்ந்து நல்ல ரோஜாவை அழித்துவிடும். தண்ணீர் தேங்கலாகாது. நாள்தோறும் ஆறு மணி நேரமாவது வெயில் படவேண்டும். இத்தனையும் ஆயிரக்கணக்கான செடிகளுக்கு! அதற்கு மேல் ஆட்கூலி, உரக்கணக்கு, நோய், பூப்பறிக்கும் விருந்தினர். இவற்றை நிர்வகிப்பவரை நான் வெறும் மண்வெட்டிக்காரர் என்றேனே!

பெரியோர்களே, நம் கைகளுக்குத் தெரிந்த வேலையையே கல்லூரியில் நான்கு ஆண்டு பாடமாகப் பயிற்றுகிறார்கள். போடிமெட்டு இறங்கினால் பெரியகுளத்தில் தோட்டக்கலைக் கல்லூரி இருக்கிறது.  கொழுந்து பறிக்கும் தாய்மாரின் பிள்ளைகள் அவ்வாயிலில் நுழையத் தயங்கவேண்டியதில்லை.

என் மகள் இதோ மூன்றாம் வரிசையில் அமர்ந்திருக்கிறாள். விண்ணப்பத்தாள் அவள் பையில் இருக்கிறது. பெற்றோர் கையெழுத்து மட்டும் மீதி. மேடையிலிருந்து இறங்கியதும் எவரேனும் ஒரு பேனா கொடுத்துதவ வேண்டுகிறேன்.