ஓடிய படமும் ஒடுங்கிய படமும்



மலையாளத்தின் முதற் பேசும் படமாகிய ‘பாலன்’, சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி. ஆர். சுந்தரம் எடுத்தது. 1938-ல் நம் கொச்சியிலே வெளிவந்து வெற்றி கண்டது. இன்று அதன் படச்சுருள் இல்லை. பாட்டுப்புத்தகமும் சில நிழற்படங்களுமே எஞ்சின. தமிழின் முதற் பேசும் படமாகிய ‘காளிதாஸ்’ (1931) அடைந்த கதியும் அதுவே.

நாகர்கோவில் சுந்தர்ராஜ் எடுத்த ‘மார்த்தாண்ட வர்மா’ என்னும் ஊமைப்படமோ, 1933-ல் நாவல் உரிமை வழக்கால் தடைப்பட்டது. பதிப்பகத்தில் முடங்கிக் கிடந்த அச்சுருளை, 1974-ல் புனே தேசியத் திரைப்படக் காப்பகம் பெற்றது, இன்றும் உள்ளது.

கொண்டாடப்பட்டது அழிந்தது, பூட்டப்பட்டது பிழைத்தது! காரணம் யாது? ஊர் ஊராய் ஓடிய சுருள்கள் கீறித் தேய்ந்தன. பழைய நைட்ரேட் சுருள் தானே சிதையும், எளிதில் தீப்பற்றும். ஓட்டம் முடிந்தபின் வெள்ளிக்காகக் கரைக்கப்பட்டனவும் உண்டு. மக்களின் கைதட்டல் ஒரு படத்தைக் காவாது. எடுத்து வைப்பார் வேண்டும்.

இந்நாளில் சுருளை டிஜிட்டல் படியாக்கி இணையக் காப்பகத்தில் ஏற்றலாம். ஆயினும் ஓரிடத்துப் படியை நம்புதற்கில்லை. மூலச்சுருளும் வேண்டும், பல இடங்களில் படிகளும் வேண்டும்.

நம் மட்டாஞ்சேரி இல்லங்களின் பரணில் பாட்டுப்புத்தகமோ சுவரொட்டியோ கிடப்பின், எடைக்குப் போடுமுன் சங்கத்தாரிடம் காட்டுவோம். படியெடுத்து, பொருளை உரியவரிடமே தருவோம். பழஞ்சுருள் கிடைப்பின், ஓட்டிப் பாராது காப்பகத்துக்கு எழுதுவோம்.