பரிசு வாங்காத பிள்ளைக்கும் ஒரு சொல்
(பரிசளிப்பு விழாவில் ஆற்றிய உரை)

 

மேடையேறிப் பரிசு பெறும் பிள்ளைகளை வாயார வாழ்த்துகிறேன். ஆனால், கீழே உட்கார்ந்து கைதட்டும் பிள்ளைகளும் நம் பிள்ளைகள்தானே? அவர்களுக்காக ஒரு சைக்கிள் வீராங்கனையின் கதையைக் கொண்டு வந்திருக்கிறேன்.

பெரில் பர்ட்டன் 1937-ஆம் ஆண்டு இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் பிறந்தவர். பதினோரு வயதில் எழுத வேண்டிய பள்ளித் தேர்வில் தவறிவிட்டார். அதோடு வாதக் காய்ச்சலும் சேர்ந்து, மாதக் கணக்கில் மருத்துவமனையில் கிடந்தார். உடம்பை வருத்தக் கூடாது என்றார்கள் மருத்துவர்கள். 'இது எங்கே தேறப் போகுது?' என்று நம் லயத்தில் சொல்வார்களே, அந்த நிலைதான்.

அவருக்குச் சைக்கிள் ஓட்டத்தில் ஆர்வமூட்டியவர் கணவர் சார்லி. 1956-இல் மகள் டெனிஸ் பிறந்தாள். பிழைப்புக்குப் பண்ணை வேலை. ருபார்ப் என்று ஒரு பயிர். அதன் புளிப்புத் தண்டை அங்கே சமைத்து உண்பார்கள். அந்தப் பண்ணையில் மண்வெட்டி, சுமைதூக்கி உழைத்தார். பணத்துக்கு ஓட்டும் தொழில்முறை வீராங்கனையாக அவர் ஆகவே இல்லை.

அந்தப் பண்ணைத் தொழிலாளி 1960, 1967 ஆகிய ஆண்டுகளில் சாலைப் போட்டியில் உலக வெற்றியாளர். ஓடுதளத் துரத்தல் போட்டியில் ஐந்து முறை உலக வெற்றியாளர். 1959 முதல் 1983 வரை, 25 ஆண்டுகள் விடாமல், பிரிட்டனின் தலைசிறந்த பெண் சைக்கிளோட்டி என்ற பட்டமும் அவருக்கே.

1967 செப்டம்பரில் 12 மணி நேரப் போட்டி ஒன்று. பெரில் ஓட்டிய தூரம் ஏறத்தாழ 446 கிலோமீட்டர். ஜொகூர் பாருவிலிருந்து கோலாலம்பூர் போய்ச் சேர்ந்து, அதற்கு மேலும் நூறு கிலோமீட்டர் மிதித்த மாதிரி! மைக் மெக்நமாரா என்பவர் அன்று ஆண்களின் சாதனையையே முறியடித்தார். அவரையும் பெரில் முந்தினார். முந்தும்போது ஓர் அதிமதுர மிட்டாயை எடுத்து நீட்டினாராம். அவரும் நன்றி சொல்லி வாங்கிக்கொண்டாராம். அந்தத் தூரத்தை இன்னொரு பெண் தாண்ட 2017 வரை ஆயிற்று.

பெண்களுக்கு ஒலிம்பிக்கில் சைக்கிள் போட்டி வந்தது 1984-இல்தான். அப்போது பெரிலுக்கு 47 வயது. கதவு திறந்தபோது காலம் கடந்துவிட்டது. நம் பெண்பிள்ளைகளுக்கு அந்தக் கதவு திறந்தே இருக்கிறது. திரெங்கானுவைச் சேர்ந்த ஃபத்தேஹா முஸ்தபா 2012 லண்டன் ஒலிம்பிக்கில் ஓடுதளச் சைக்கிள் போட்டிக்குப் போனாரே!

ஒரு குறையையும் சொல்லிவிடுகிறேன். 1976-இல் நாட்டின் சாலைப் போட்டியில் மகள் டெனிஸ் தாயையே வென்றாள். மேடையில் தாய் கைகொடுக்கவில்லை. அத்தனை பரிசு வாங்கியவருக்கே தோல்வி அப்படிக் கசந்தது என்றால், நம் சின்னப் பிள்ளைகளுக்கு எப்படி இருக்கும்?

ஆகவே பெற்றோர்களே, இன்று வெறுங்கையோடு வரும் பிள்ளையிடம், 'பக்கத்து வீட்டுப் பிள்ளையைப் பார்' என்று சொல்லாதீங்க. 'பொம்பளைப் பிள்ளைக்கு எதுக்கு சைக்கிள், எதுக்குப் படிப்பு?' என்றும் கேட்காதீங்க. மாணவர்களே, ஒரு தேர்வில் தவறினால் ஒரு தேர்வுதான் போயிற்று. தினமும் கொஞ்சம் மிதியுங்கள். தூரம் தானாகக் குறையும்.