கட்டத்துக்குள் மங்கலாகத் தெரியும் எழுத்து

(நூற்றாண்டு விழாவில் பதிவேட்டுக் குழுவினர் ஆற்றிய உரை)



பழைய மாணவியர் பதிவேட்டைக் கைத்தொலைபேசிச் செயலியாக்கும் வேலையில் இருப்பவர்கள் என்பதால் எங்களையும் இன்று பேசச் சொன்னார்கள். பெண்களும் கணினியும் என்பது போல ஒரு பெரிய தலைப்பை எதிர்பார்த்திருப்பீர்கள். நாங்கள் எடுத்துக்கொண்டது மிகச் சிறிய ஒன்று. கைத்தொலைபேசியில் படிவம் நிரப்பும்போது, வெறுமையான கட்டத்துக்குள் சாம்பல் நிறத்தில் மங்கலாகச் சில எழுத்துகள் தெரியும் அல்லவா? "உங்கள் பெயர்", "உதாரணம்: 077 123 4567" என்றெல்லாம் இருக்கும். நீங்கள் ஓர் எழுத்தை அழுத்தியதும் அது மறைந்துவிடும். நிரலாளர்கள் அதைப் பிளேஸ்ஹோல்டர் என்பார்கள். அன்ட்ரொயிட்டில் அதற்கு ஹின்ட் என்று பெயர். நிரலில் ஒரே ஒரு வரி. எழுத ஒரு நிமிடமும் ஆகாது. ஆனால் எங்கள் குழு அதிக நேரம் வாதாடியது அந்த ஒரு வரியைப் பற்றித்தான்.

முதலில் அதன் குணத்தைச் சொல்லிவிடுகிறோம். எழுதத் தொடங்கியதும் மறைவதுதான் அதன் வேலை. அதனாலேயே அதைக் கட்டத்தின் தலைப்பாகப் பாவிக்கக் கூடாது. எச்.ரி.எம்.எல். தராதரமும் இதைத் தெளிவாகச் சொல்கிறது: தலைப்புக்குப் பதிலாகப் பிளேஸ்ஹோல்டரை வைக்காதீர்கள். ஆனால் கைத்தொலைபேசித் திரை சிறியது. தலைப்பை எடுத்துவிட்டால் இடம் மிச்சம், பார்க்கவும் அழகு என்று பலர் எடுத்துவிடுகிறார்கள். பாதிப் படிவம் நிரப்பியபின் தொலைபேசி அழைப்பு வருகிறது. பேசிவிட்டுத் திரும்பி வந்தால் எந்தக் கட்டம் எதைக் கேட்டது என்று தெரியாது. எழுதியதை அழித்தால்தான் கேள்வி மறுபடி தெரியும். எழுபது வயதான ஓர் அக்காவுக்கு இந்த விளையாட்டு தேவையில்லை. இன்னொரு தொல்லையும் உண்டு. மங்கலான எழுத்தைக் கண்டு, ஏற்கெனவே யாரோ நிரப்பிவிட்டார்கள் என்று அந்தக் கட்டத்தைத் தாண்டிப் போய்விடுவார்கள். சரி, கொஞ்சம் கறுப்பாக்குவோம் என்றால் அந்த மயக்கம் இன்னும் கூடும். மங்கலாகவே விட்டால் கண்ணாடி போட்டவர்களுக்குத் தெரியாது. எழுத்துக்கும் பின்னணிக்கும் இடையே குறைந்தது 4.5க்கு 1 என்ற வேறுபாடு வேண்டும் என்பது இணைய அணுகல் வழிகாட்டியின் விதி. எனவே எங்கள் செயலியில் தலைப்பு எப்போதும் கட்டத்துக்கு மேலே நிற்கும். உள்ளே இருப்பது உதாரணம் மட்டும்.

அந்த உதாரணத்தில் யாரை வைப்பது என்பதுதான் அடுத்த கேள்வி.

நமது பழைய தேசிய அடையாள அட்டை இலக்கத்தைப் பாருங்கள். ஒன்பது இலக்கம், கடைசியில் ஓர் ஆங்கில எழுத்து. முதல் இரண்டும் பிறந்த ஆண்டு. அடுத்த மூன்றும் ஆண்டின் எத்தனையாவது நாள் என்பது. ஆனால் பெண்ணென்றால் அதனுடன் 500ஐக் கூட்டுவார்கள். ஜனவரி 10ஆம் திகதி பிறந்த ஆணுக்கு 010, பெண்ணுக்கு 510. 2016இல் வந்த பன்னிரண்டு இலக்க அட்டையிலும் ஆண்டு நான்கு இலக்கமானதே தவிர, இந்த 500 மாறவில்லை. இங்கே இருப்பவர்கள் கைப்பையைத் திறந்து பார்த்துக்கொள்ளலாம். இப்போது, அவசரத்தில் ஒரு நிரலாளர் கட்டத்துக்குள் 123456789வி என்று உதாரணம் போடுகிறார் என்று வையுங்கள். 12 என்பது 1912. 345 என்பது டிசம்பர் 10. அதாவது நூற்றுப் பத்து வயதைத் தாண்டிய ஓர் ஆண்மகனின் அட்டை! சிரிக்கலாம். ஆனால் அதே ஆள் நாள் எண் 366ஐத் தாண்டக் கூடாது என்று ஒரு சோதனையையும் எழுதிவிட்டால், நாட்டிலுள்ள பெண்கள் எல்லோருடைய இலக்கமும் பிழை என்று சிவப்பு எழுத்தில் வரும். உதாரணத்தில் ஒரு பெண்ணின் இலக்கத்தை வைக்க யாராவது நினைத்திருந்தால், அந்தப் பிழை முதல் நாளே பிடிபட்டிருக்கும். எங்கள் பதிவேட்டில் அடையாள அட்டை இலக்கம் கேட்கப்போவதில்லை. உங்களில் பலர் இன்று வேறு நாட்டுக் குடிமக்கள். கேட்க எங்களுக்குத் தேவையும் இல்லை.

பெயர்க் கட்டத்துக்கு வருவோம். பெரும்பாலான செயலிகளில் முதற்பெயர், குடும்பப்பெயர் என்று இரண்டு கட்டங்கள்; உள்ளே மங்கலாக ஜோன், ஸ்மித். நமக்குக் குடும்பப்பெயர் ஏது? எங்கள் ஊர் தந்த பேராசிரியர் கார்த்திகேசு சிவத்தம்பி 1932இல் கரவெட்டியில் பிறந்தவர். கார்த்திகேசு என்பது தகப்பனார் பெயர், சிவத்தம்பி என்பது அவருடைய பெயர். எழுதும் ஒழுங்கிலேயே இரண்டு கட்டங்களையும் நிரப்பினால் முதற்பெயர் கார்த்திகேசு ஆகிவிடும். உரிமையோடு முதற்பெயர் சொல்லி அழைக்கும் வெள்ளைக்காரர் அவருடைய தகப்பனாரைக் கூப்பிட்டதாக முடியும்.

பெண்களுக்குச் சிக்கல் இன்னும் கூட. பள்ளிக்கூடத்தில் தகப்பனாரின் முதலெழுத்து. கல்யாணத்துக்குப் பின் கணவரின் பெயர். லண்டனுக்கோ ரொறன்ரோவுக்கோ போனபின், கணவருடைய சொந்தப் பெயரே வீட்டில் எல்லோருக்கும் குடும்பப்பெயர். ஒரே வகுப்பில் இரண்டு புவனேஸ்வரி இருந்தால் நாங்கள் அவர்களைப் பிரித்தறிந்தது க. புவனேஸ்வரி, சி. புவனேஸ்வரி என்ற முதலெழுத்தால்தான். இன்றைய கடவுச்சீட்டில் அந்த எழுத்தே இல்லை. ஜோன் ஸ்மித்தைப் பார்த்துப் பெயர் எழுதினால், கூடப் படித்தவள் தேடும்போது அவர் அகப்படமாட்டார். இடப்பெயர்விலும் வெளிநாட்டுப் பயணத்திலும் தொடர்பு அறுந்துபோனவர்களை ஒருவரோடொருவர் சேர்ப்பதற்காகவே இந்தப் பதிவேடு. அகப்படாவிட்டால் வேறெதற்கு?

ஆகவே மூன்று கட்டங்கள் வைத்தோம்: கல்லூரியில் கூப்பிட்ட பெயர், தகப்பனார் பெயர், இப்போது வழங்கும் பெயர். முதலாவதில் மங்கலாகத் தெரிவது "க. புவனேஸ்வரி". முதலெழுத்தோடு எழுத வேண்டும் என்று தனியே விளக்கம் சொல்லத் தேவையில்லை, பார்த்ததும் விளங்கும். அது தமிழில் இருப்பதற்கும் காரணம் உண்டு. ஆங்கிலத்தில் உதாரணம் இருந்தால் எல்லோரும் ஆங்கிலத்திலேயே எழுதுவார்கள். அதே பெயரை ஒருவர் பி எழுத்தில் தொடங்குவார், கனடாவில் இருப்பவர் பியூ என்று தொடங்குவார், தேடுபவர் வேறொன்றாகத் தேடுவார். கரவெட்டிக்கே ஆங்கிலத்தில் எத்தனை எழுத்துக்கூட்டல்! தமிழ் உதாரணத்தைக் கண்டால், இங்கே தமிழில் எழுதலாம் என்று விரல் தானே விசைப்பலகையை மாற்றிக்கொள்கிறது. ஒன்று மட்டும் கவனிக்க வேண்டும். தமிழ்ச் சொற்கள் நீளமானவை. சிறிய திரையில் வால் அறுந்து நிற்கும். இரண்டு மூன்று சொல்லுக்கு மேல் உள்ளே வைக்க வேண்டாம்.

திகதியை 03/04/1965 என்று எழுதினால் இங்கே ஏப்ரல் 3, அமெரிக்காவில் மார்ச் 4. மாதத்தைப் பெயரால் தெரிவுசெய்ய விட்டோம். தொலைபேசி உதாரணம் நாட்டைத் தெரிவுசெய்ததும் அந்நாட்டுக்கேற்ப மாறும். முகவரியில் வீட்டு இலக்கம் கட்டாயம் என்று வைக்கவில்லை. கோவிலடி, கரவெட்டி கிழக்கு என்றால் தபால்காரருக்குப் போதும்.

எங்களை அதிகம் வருத்தியது இன்னொரு கட்டம். "கல்லூரியை விட்டு விலகிய ஆண்டு" என்று தலைப்பு. உள்ளே என்ன உதாரணம்? சாதாரணதரம் 1984 என்று முதலில் ஒருவர் சொன்னார். உடனே மறுப்பு எழுந்தது. மூத்த அக்காமார் எழுதியது எஸ்.எஸ்.சி.; எழுபதுகளின் நடுவில் படித்தவர்கள் எழுதியது என்.சி.ஜி.ஈ. அதைவிட, பரீட்சையே எழுதாமல் போனவர்கள் எத்தனை பேர். எட்டாம் வகுப்போடு மறித்து வீட்டில் வைத்திருந்தவர்கள். 1987இல் வடமராட்சி நடவடிக்கைக்குப் பின் திரும்பிப் படிக்க வராதவர்கள். தாயாருக்குச் சுகமில்லாமல் தம்பி தங்கைகளைப் பார்க்க நின்றுவிட்டவர்கள். அவர்கள் இந்தக் கட்டத்துக்கு வரும்போது சாதாரணதரம் என்ற மங்கல் எழுத்தைக் கண்டால், இது எனக்குரிய பதிவேடு இல்லைப்போலும் என்று செயலியை மூடிவிடுவார்கள். நாங்கள் அவர்களைத்தான் முக்கியமாகத் தேடுகிறோம். இப்போது அந்தக் கட்டத்தில் இருப்பது "கடைசியாகப் படித்த வகுப்பு, ஆண்டு". உதாரணம்: "7ஆம் வகுப்பு, 1971". ஏழாம் வகுப்பை வேண்டுமென்றே வைத்தோம்.

கடைசிக் கட்டம் "நீங்கள் தேடும் வகுப்புத் தோழி". அதனுள் உதாரணம் எதுவும் இல்லை. மறதியால் விட்டதாக நினைக்க வேண்டாம். உதாரணம் ஒன்றைக் கண்டால் எல்லோரும் அதே மாதிரிப் பெயரும் ஆண்டும் மட்டும் எழுதுவார்கள். ஆண்டு ஞாபகமில்லை, ஆனால் நெல்லியடிச் சந்திவரை சேர்ந்து நடந்து வருவோம், நாச்சிமார் கோவிலடிப் பக்கம் வீடு, அண்ணர் தபாற்கந்தோரில் வேலை என்ற மாதிரித் துப்புத்தான் எங்களுக்கு வேண்டும். தமிழிலும் எழுதலாம், ஆங்கில எழுத்தில் தமிழையும் எழுதலாம்; நாங்கள் வாசித்துவிடுவோம். கைத்தொலைபேசி ஒத்துவராத அக்காமார் இதையே ஒரு தாளில் எழுதிச் சங்கச் செயலாளரிடம் கொடுத்தால், பதிவேட்டில் ஏற்றுவது எங்கள் பொறுப்பு.