அடக்கி வைத்த முகம்



எனக்கு முன்னால் பேசிய அம்மையார் என்ன சொன்னார்? "நடிகன்னா அழணும், அலறணும், நாம கைக்குட்டையை எடுக்கணும். அடக்கி நடிக்கிறேன்னு சொன்னா நடிக்கத் தெரியலைன்னு அர்த்தம்" என்றார். நல்லாக் கைதட்டினீங்க. நானும் தட்டினேன். பேச்சு அப்படி! கருத்துதான் அப்படி இல்லை. (சிரிப்பு)

க்ளோத் லேதூ என்று ஒரு நடிகர். தெரிந்தவர்கள் கையைத் தூக்குங்க பார்ப்போம். ஒருத்தரும் இல்லையே! 1927-ல் பிரஸ்ஸல்ஸ் நகரத்தில் பிறந்து, நாடக மேடையிலிருந்து பிரெஞ்சு சினிமாவுக்கு வந்தவர். அவருடைய முதல் படம் 1951-ல் வெளியானது. 'ஒரு கிராமத்துப் பாதிரியாரின் நாட்குறிப்பு' என்று தமிழில் சொல்லலாம். ஜார்ஜ் பெர்னானோஸ் எழுதி 1936-ல் வந்த நாவல். அதைப் படமாக்கியவர் ராபர்ட் ப்ரஸ்ஸோன்.

இந்த ப்ரஸ்ஸோன் ஒரு தனி ரகம். நடிகர் நடித்தாலே அவருக்குப் பிடிக்காது! லேதூவை ஒரு வருஷத்துக்கு மேலாக ஞாயிற்றுக்கிழமைதோறும் வரச்சொல்லி, அந்தப் பாத்திரத்தைப் பற்றியே பேசினாராம். லேதூ இளம் பாதிரியார்களோடு போய்த் தங்கினார். நோயாளியின் முகம் வேண்டுமென்று பட்டினி கிடந்தார். நடிக்கத் தெரியாதவர் செய்கிற வேலையா அம்மா இது?

கதை என்ன? ஆம்ப்ரிகூர் என்ற சின்ன ஊருக்கு ஓர் இளம் பாதிரியார் வருகிறார். வயிற்றுக்கு எதுவும் ஒத்துக்கொள்ளவில்லை. ரொட்டியைத் திராட்சை ரசத்தில் நனைத்துச் சாப்பிடுகிறார். ஊரோ, "சாமியார் குடிகாரர்" என்கிறது. ஊர் வாய்க்கு எந்த தேசத்தில் பூட்டு இருக்கு? (சிரிப்பு)

அந்த ஊர்ப் பிரபுவின் மனைவி, சின்ன வயசிலேயே மகனைப் பறிகொடுத்தவள். அன்றிலிருந்து கடவுள்மேல் தீராத கோபம். பாதிரியார் அவளோடு வாதாடுகிறார். பேச்சு முற்றி, மகன் நினைவாக வைத்திருந்த பதக்கத்தை அவள் நெருப்பில் வீசிவிடுகிறாள். இவர் சட்டென்று நெருப்புக்குள் கையை விடுகிறார்! கை சுடுகிறது, முகத்தில் கூச்சல் இல்லை. அவள் மனம் இளகி, அமைதி கிடைத்துவிட்டதென்று அவருக்குக் கடிதம் எழுதி அனுப்புகிறாள். அன்று இரவே இறந்துபோகிறாள்.

இப்போ ஊர் என்ன சொல்லும்? "இந்த ஆள்தான் பேசிப் பேசியே கொன்னுட்டார்." கடிதம் அவரிடமே இருக்கிறது. எடுத்து நீட்டினால் பழி போய்விடும். அவர் நீட்டவில்லை. அது அந்தத் தாயின் ரகசியம்.

நடுவர் அவர்களே, என் கட்சி முழுக்க இந்த இடத்தில்தான் இருக்கிறது. கடிதத்தைக் காட்டாத மனிதனாக நடிப்பவர், முகத்தில் மட்டும் எல்லாவற்றையும் காட்டலாமா? அந்த இடத்தில் லேதூ நெஞ்சில் அடித்துக்கொண்டு அழுதிருந்தால், கடிதத்தைப் படித்துக் காட்டிய மாதிரிதானே! அவர் அழவில்லை. நாம்தான் இங்கே உட்கார்ந்து, "காட்டுய்யா, காட்டித் தொலையேன்" என்று தவிக்கிறோம். (கைதட்டல்)

ஒரே ஓர் இடம். ஓர் இளைஞன் அவரை மோட்டார் சைக்கிளில் பின்னால் ஏற்றிக்கொண்டு ரயில் நிலையத்துக்குப் போகிறான். முகத்தில் காற்று அடிக்கிறது. மனுஷன் சிரிக்கிறார்! இவரும் வாலிபப் பிள்ளைதானே என்று அப்போதுதான் உறைக்கிறது. அந்த ரயில் அவரை லீல் நகரத்து டாக்டரிடம் கொண்டுபோகிறது. வயிற்றில் புற்றுநோய். படம் முழுக்கச் சிரித்திருந்தால் இந்தச் சிரிப்புக்கு என்ன விலை?

"அவ்வளவு பெரிய நடிகர் அப்புறம் என்ன ஆனார்?" என்று எதிரணி கேட்கும். சில படங்கள் நடித்தார். 1954-ல் வந்த 'அட்டிலா'வில் ரோமப் பேரரசராகக்கூட வந்தார். ஒன்றும் ஊர் நினைவில் நிற்கவில்லை. 2011-ல் காலமானபோது உலகம் அந்த ஒரு படத்தைத்தான் சொன்னது.

பிரான்சில் மட்டும் இன்னொன்றையும் சொன்னார்கள். 1962-ல் அவரும் மனைவியும் சேர்ந்து தொலைக்காட்சியில் ஒரு பொம்மை நிகழ்ச்சி தொடங்கினார்கள். மேகத்திலிருந்து ஏணி வழியாக ஒரு கரடி இறங்கி வந்து, பிள்ளைகளுக்கு 'நல்லிரவு' சொல்லித் தூங்கவைக்கும். அந்தப் படத்தில், ஞானோபதேச வகுப்புச் சிறுமிகள் பாதிரியாரைக் கேலி செய்து சிரிப்பார்கள். அதே மனிதர் ஒரு தேசத்துப் பிள்ளைகளையே தூங்கவைத்தார், தன் முகத்தைக் காட்டாமலே!

நடுவர் மணியடிக்கக் கையெடுக்கிறார். கரடியின் பெயர் நுனூர்ஸ். எதிரணியினர் குறித்துக்கொள்ளட்டும்.