பனியில் மறைந்த எல்லைக்கோடு

(சங்கத்தின் மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



கல்வியைப் பற்றிப் பேசுமாறு எம்மைப் பணித்தீர்கள். ஏட்டுக் கல்வியின் பெருமையை இம்மேடையிற் பலரும் பலகாலும் விரித்துரைத்துள்ளனர். ஆதலின் இன்று யாம் ஓர் ஆட்டத்தின் வரலாற்றைச் சொல்லப் புகுகின்றோம். தமிழாசிரியனுக்கும் பந்தாட்டத்திற்கும் என்ன உறவு என்று நகைக்க வேண்டா. அவ்வுறவு முடிவில் தானே விளங்கும்.

அமெரிக்க ஐக்கிய நாட்டில் வட கரோலினா என்பது ஒரு மாகாணம். அங்கே அடிமைகளாயிருந்த கறுப்பினத்தார்க்கு எழுத்தறிவித்தலையே 1830-ஆம் ஆண்டுச் சட்டம் குற்றமென விலக்கியிருந்தது. 1865-இல் அடிமைமுறை ஒழிந்தது. ஒழிந்து இரண்டே ஆண்டில், 1867-இல், சார்லட் நகரில் அம்மக்களுக்கென ஒரு கல்விச்சாலை தோன்றிற்று. பிடில் என்னும் பெயரால் வழங்கிய அதுவே, 1923-இல் ஜான்சன் சி. ஸ்மித் பல்கலைக்கழகம் எனப் பெயர் பூண்டது. அண்மையிலுள்ள சாலிஸ்பரி என்னும் ஊரில் 1882-இல் நிலைபெற்றது லிவிங்ஸ்டன் கல்லூரி. அதன் தலைவர் ஜோசப் சார்லஸ் பிரைஸ் என்பார் பெரும் நாவலர். இங்கிலாந்து சென்று ஊரூராய்ப் பேசி, ஏறக்குறைய 10,000 டாலர் திரட்டி வந்து அக்கல்லூரிக்கு அடித்தளமிட்டவர் அவரே.

அந்நாட்டார் ஆடும் காற்பந்து நம் சிறுவர் ஆடுவது போன்றதன்று. முட்டை வடிவினதாகிய பந்தைக் கையால் மார்போடணைத்து ஓடுவர். எதிரணியினர் பாய்ந்து வீழ்த்துவர். வெள்ளையர் கல்லூரிகள் 1869 முதல் தம்முள் இவ்வாட்டத்தை ஆடிவந்தன. தென்மாகாணங்களில் அக்கல்லூரிகளின் வாயில் கறுப்பின மாணாக்கர்க்கு அடைத்தே கிடந்தது. ஆயினும் ஆட்டத்தைக் கற்பதை எவர் தடுக்க வல்லார்? பிடில் மாணாக்கர் அதனைப் பயின்று, லிவிங்ஸ்டன் மாணாக்கரைப் போட்டிக்கு அழைத்தனர்.

அழைப்பை ஏற்ற லிவிங்ஸ்டன் மாணாக்கரிடம் பொருள் இல்லை; ஊக்கம் இருந்தது. தம் கையிலிருந்த சிறு காசுகளைத் தொகுத்து ஒரு பந்து வாங்கினர். நாடோறும் அணியும் பாதரட்சைகளின் அடியிலேயே வழுக்காமைப்பொருட்டுக் கட்டைகளைப் பொருத்தினர். கைத்தொழிற் பகுதியிற் பயின்ற மாணவியர் ஆட்டவுடைகளைத் தைத்துக் கொடுத்தனர்.

1892-ஆம் ஆண்டு டிசம்பர் 27-ஆம் நாள் லிவிங்ஸ்டன் கல்லூரியின் முற்றத்தில் இரண்டு அணிகளும் எதிர்நின்றன. கறுப்பினத்தார் கல்லூரிகள் இரண்டு காற்பந்தில் எதிர்ப்பட்டது அதுவே முதன்முறை. அன்று பனி பொழிந்து தரையை மூடிற்று. பிடில் அணி 5 எண்கள் பெற்று முந்தியது. லிவிங்ஸ்டன் அணிக்கு ஒன்றும் இல்லை. அந்நிலையில் எதிரணியார் கைநழுவவிட்ட பந்தை வில்லியம் டிரெண்ட் என்னும் லிவிங்ஸ்டன் மாணாக்கர் கவர்ந்து சென்று எல்லை சேர்த்தார். அது செல்லுமாயின் ஆட்டத்தின் முடிவே வேறாயிருத்தல் கூடும். 'பந்து எடுக்கப்பட்ட இடம் களத்திற்குப் புறம்பானது' என்றனர் பிடில் அணியினர். எல்லைக்கோடோ பனியின் கீழ் மறைந்து கிடந்தது. நடுவர் பிடில் பக்கமே தீர்ப்பளித்தார். 5-க்கு 0 என ஆட்டம் முடிந்தது.

அன்பர்களே! இவ்விடத்து எம் வாழ்விலும் ஒரு நிகழ்ச்சி உண்டு. அதனை மறைத்தல் முறையன்று. முன்னொரு நாள் யாம் பணிபுரிந்த பள்ளியில் ஆட்ட நடுவராய் நின்றோம். மழை பெய்து சுண்ணாம்புக் கோடு கரைந்துபோயிற்று. ஓர் இளைஞன் கோட்டைக் கடந்தான் என்று யாம் தீர்ப்பளித்தோம். அவன், 'கடக்கவில்லை, ஐயா' என ஒருமுறை மட்டும் சொல்லி வாளா நின்றான். மறுநாள் அவன் களத்திற்கு வரவில்லை, மறுவாரமும் வரவில்லை. வள்ளுவனார் நடுவு நிலைமைக்கெனத் தனி அதிகாரம் வகுத்தார்; அதனை ஆண்டுதோறும் நடத்தும் யாம், கோடு தெரியாத இடத்துக் கோடு தெரிந்ததாகச் சொன்னோம். இறுதியில் அவன் இல்லஞ்சென்று, 'தம்பி, எமக்கும் கோடு தெரியவில்லை' என்றோம். அவன் தந்தையார், 'ஆட்டந்தானே, போகட்டும் ஐயா' என்றார். அவனோ மறுமொழி கூறாமல் மறுநாள் களத்திற்கு வந்தான்.

இனி லிவிங்ஸ்டன் மாணாக்கர் கதைக்கு வருவோம். அத்தீர்ப்பு முறையோ முறையன்றோ, இனி எவராலும் அறிதற்கியலாது. அறியக்கிடப்பன வேறு சில. அவ்வாட்டத்தின் வரலாற்றை 1930-இல் எழுதி வெளியிட்டது லிவிங்ஸ்டன் கல்லூரியின் ஆண்டு மலரே. தோற்றவர் தம் தோல்வியைத் தாமே எழுதி வைத்தனர். கறுப்பினத்தார் கல்லூரிகள் சில 1912-இல் ஹாம்ப்டனிற் கூடி ஆட்டங்களுக்கெனத் தமக்கொரு சங்கம் நிறுவின. 1923-இல் டஸ்கீகி கல்விச்சாலையில் பயிற்சி ஆசிரியரான கிளீவ்லண்ட் ஆபட் என்பார், 1954 வரை இருந்து 200-க்கு மேற்பட்ட வெற்றிகளை ஈட்டித் தந்தார். இவையனைத்திற்கும் முன்னோடி பனி மூடிய அம்முற்றத்து ஆட்டமே.

பந்தோடு ஓடிய டிரெண்ட் என்பவரோ, 1925-இல் அதே லிவிங்ஸ்டன் கல்லூரிக்குத் தலைவராய் வந்து, 1957 வரை முப்பத்திரண்டு ஆண்டுகள் அதனைக் காத்தார். தமக்கு எதிராகத் தீர்ப்புரைக்கப்பட்ட முற்றத்தை அவர் வெறுத்து நீங்கினாரல்லர்.

பெற்றோர்களே! மாலைப்பொழுதில் பிள்ளைகள் களத்தில் நிற்பதைப் பொழுதுபோக்கென்று மட்டும் எண்ணாதீர்கள். வெல்லும் வகையைப் பாடநூல்கள் கற்பிக்கும். தோற்றபின் மறுநாள் வந்து நிற்கும் வகையைக் களமே கற்பிக்கும். உங்கள் பிள்ளை தோற்று வருங்கால், 'ஆட்டந்தானே' என்று தள்ளிவிடாதீர்கள். அவன் சொல்வதை முற்றக் கேளுங்கள். கேட்டபின் மறுநாளும் களத்திற்கு அனுப்புங்கள். தீர்ப்புச் சொல்லும் நிலையிலுள்ள எம்போன்றார், தெரியாததைத் தெரியாதென்று ஒப்பக் கடவோம்.